வலது கைப் பக்கத்துப் பட்டன்

சின்ன வயதில் எனக்கும் அண்ணனுக்கும் நடந்த சண்டைகளில் பாதி, டிவி கேமில் அவன் என் லைஃபைத் திருடியதால் வந்தவை. காசிமேட்டுப் பிள்ளைகள் என்றால் நாள் முழுக்கக் கடலில் குதித்துக்கொண்டிருக்கும் என்று வெளியூர்க்காரர்கள் நினைத்துக்கொள்வார்கள். நாங்கள் குதித்ததெல்லாம் டிவி முன்னால்தான். அப்பா பர்மா பஜாரில் வாங்கி வந்த ஒரு கேம் பெட்டி, இரண்டு ஜாய்ஸ்டிக், ஒரு மஞ்சள் கேசட். ஆயிரக்கணக்கில் கேம் இருப்பதாக மேலே அச்சடித்திருந்தார்கள். போட்டுப் பார்த்தால் ஏழெட்டு கேம்தான் பெயரை மாற்றி மாற்றி வந்துகொண்டிருந்தது.

அதில் எங்களுக்கு வேண்டியது ஒன்றே ஒன்று. காட்டுக்குள் இரண்டு சிப்பாய்கள் சுட்டுக்கொண்டே ஓடுவார்கள். நீல பேண்ட் நான், சிவப்பு பேண்ட் அண்ணன். ஆளுக்கு மூன்று லைஃப். ஒருவருக்கு மூன்றும் தீர்ந்துவிட்டால், ஏ பட்டனை அழுத்தி அடுத்தவரிடமிருந்து ஒன்றை எடுத்துக்கொள்ளலாம். கேட்டுவிட்டு எடுக்க வேண்டும் என்ற நாகரிகமெல்லாம் அந்த கேமுக்குக் கிடையாது. அண்ணன் முன்பின் பார்க்காமல் ஓடுகிற ரகம். அவன்தான் முதலில் சாவான். அடுத்த நொடியே என் கணக்கில் ஒன்று குறையும். நான் ஜாய்ஸ்டிக்கை விட்டெறிந்துவிட்டு ஊரைக் கூட்டுவேன்.

அப்பா சோற்றுத் தட்டிலிருந்து தலையைத் தூக்காமலேயே தீர்ப்பு சொல்வார். "ரெண்டு பேரும் ஒரே போட்டுல தான போறீங்க? அப்ப பங்கு தான். சொம்மா கத்தாத."

படகில் போனவர்கள் எல்லோருக்கும் வந்த மீனில் பங்கு உண்டு. அந்தச் சட்டத்தை அப்படியே டிவிக்குள்ளும் கொண்டுவந்துவிட்டார். எனக்கு அது அன்றைக்கும் பிடிக்கவில்லை. வேலை செய்கிறவள் நான், பங்கு மட்டும் அவனுக்கா?

இந்தப் பழைய கதையை இப்போது எடுப்பதற்குக் காரணம் அண்ணனுடைய வலது கை.

அண்ணன் இப்போது விசைப்படகில் டிரைவர். பொங்கல் முடிந்த கையோடு கடலுக்குப் போனவன், வலை இழுக்கிற விஞ்சில் கையைக் கொடுத்துவிட்டான். கயிற்றுக்கும் இரும்புக்கும் நடுவில் வலது கை மாட்டிக்கொண்டது. டிரைவருக்கு விஞ்சுப் பக்கம் என்ன வேலை என்று கேட்டால், அவன் ஓர் இடத்தில் சும்மா நிற்கிறவன் இல்லை என்பதுதான் பதில். ஆஸ்பத்திரியில் நன்றாகத்தான் தைத்தார்கள். விரல் ஐந்தும் பிழைத்தன. ஆனால் கட்டைப் பிரித்துப் பார்த்தபோது கட்டை விரலும் ஆட்காட்டி விரலும் மரப்பலகை போல நின்றன. மடக்கச் சொன்னால் தோள் வரைக்கும் ஆடும், அந்த இரண்டு விரல் மட்டும் ஆடாது.

கட்டைப் பிரித்த நேரமும் மீன்பிடித் தடைக்காலம் ஆரம்பித்த நேரமும் ஒன்றாக வந்தன. அந்த இரண்டு மாதம் விசைப்படகுகள் எதுவும் கடலுக்குப் போகாது. துறைமுகத்தில் ஒன்றை ஒன்று இடித்துக்கொண்டு நிற்கும். ஆட்கள் பெயின்ட் அடிப்பார்கள், வலை பின்னுவார்கள், கேரம் ஆடுவார்கள். மீன் விற்கிற என் அண்ணி அந்த இரண்டு மாதமும் கருவாட்டுக்கு மாறிவிடுவாள். வருடா வருடம் இந்தத் தடையை வைது தீர்க்கிற எங்கள் வீடு, இந்த முறை அதை ஒரு வரமாகப் பார்த்தது. தடை திறப்பதற்குள் கை மடங்கிவிட்டால் அண்ணன் மறுபடியும் வீல் பிடிப்பான். மடங்காவிட்டால் படகு அவனுக்காகக் காத்து நிற்காது. ஓனர் நல்ல மனிதர்தான். வீட்டுக்கே வந்து, "நைனா, நீ கையப் பாரு, மத்தது அப்பால பேசிக்கலாம்" என்றார். அந்த "அப்பால" என்ற வார்த்தை அண்ணனைத் தூங்க விடவில்லை. ஒரு கை வீலிலும் ஒரு கை கியர் ராடிலும் இருந்தால்தான் அந்தப் படகை ஓட்ட முடியும்.

பிசியோதெரபி டாக்டரம்மா ஒரு ஸ்பாஞ்சு பந்து கொடுத்து, அதைப் பிசைந்துகொண்டே இருக்கச் சொன்னார். அண்ணன் அதை ஒரு நாள் பிசைந்தான். மறுநாள் பந்து கட்டிலுக்கு அடியில் கிடந்தது. அதற்கடுத்த நாள் தெருநாய் அதைக் கவ்விக்கொண்டு போவதை நானே பார்த்தேன்.

"பந்து எங்கண்ணா?"

"அது கீது எங்கியாச்சும். கொயந்த மாரி பந்த வெச்சிகினு குந்தினு இருக்கணுமா நானு?"

எனக்குக் கோபம் சட்டென்று வரும். வந்த கோபத்தில் பரணில் ஏறி, பழைய கேம் பெட்டியைத் தேடினேன். பந்து குழந்தைத்தனம் என்றால் இதைப் பிடி என்று அவன் மடியில் போடுவதாகத் திட்டம். பெட்டி கிடைத்தது. உப்புக் காற்று அதை உள்ளே தின்று தீர்த்திருந்தது. தட்டினால் துரு கொட்டியது. மஞ்சள் கேசட் மட்டும் ஒரு பிளாஸ்டிக் பையில் பத்திரமாக இருந்தது.

நான் ராயபுரத்தில் ஒரு கிளியரிங் ஆபீசில் கண்டெய்னர் விவரங்களைக் கம்ப்யூட்டரில் ஏற்றுகிறவள். வாரத்தில் பாதி நாள் வீட்டிலிருந்தே வேலை. அதற்காக முன்னறையில் ஒரு பழைய கம்ப்யூட்டர் உண்டு. பெட்டி செத்தாலும் கம்ப்யூட்டரையே அந்தப் பெட்டியாக நடிக்க வைக்கலாம், அதற்கு எமுலேட்டர் என்று ஒரு சாஃப்ட்வேர் இருக்கிறது என்று ஆபீசில் பேசிக்கொண்டது ஞாபகம் வந்தது. கேசட்டைக் கைப்பையில் போட்டுக்கொண்டு, எலக்ட்ரானிக்ஸ் கடைகள் நிறைந்த ரிச்சி தெருவுக்கு பஸ் ஏறினேன்.

நாலு கடையில் என்னை ஒரு மாதிரி பார்த்தார்கள். ஐந்தாவது கடைக்காரருக்கு என் வயது இருக்கும். கேசட்டைப் பார்த்ததுமே முகம் மலர்ந்துவிட்டது. கேசட்டில் இருப்பதைப் படித்துக் கோப்பாக மாற்றுகிற ஒரு சின்னக் கருவி அவரிடம் இருந்தது. அதில் செருகுவதற்கு முன்னால், கேசட்டை வாய்க்குக் கொண்டுபோய், இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடி வரை ஊதினார். ஊதி முடித்துவிட்டு என்னைப் பார்த்தார். நானும் பார்த்தேன். இரண்டு பேரும் சிரித்த சிரிப்பில் பக்கத்துக் கடைக்காரர் எட்டிப் பார்த்தார். அந்தக் காலத்தில் ஊதாமல் கேசட் போட்ட பிள்ளை இந்த ஊரில் ஒன்றுகூட இருந்திருக்காது. கோப்பை ஒரு பென் டிரைவில் போட்டுக் கொடுத்தார். கம்ப்யூட்டரில் செருகுகிற ஜாய்ஸ்டிக் ஒரு ஜோடியும் வாங்கிக்கொண்டேன்.

வீட்டுக்கு வந்து உட்கார்ந்தால், எமுலேட்டர் சுலபத்தில் மசியவில்லை. முதலில் இறக்கியதை வைரஸ் என்று கம்ப்யூட்டர் துரத்தியது. இரண்டாவது, கறுப்புத் திரையோடு நின்றது. மூன்றாவதை ஏற்றிய பிறகு பென் டிரைவைச் செருகினால், அப்படி ஒரு பொருளே இல்லை என்று கம்ப்யூட்டர் சாதித்தது. நான் வாய்க்கு வந்ததையெல்லாம் சொல்லித் திட்டிக்கொண்டிருந்தேன். கட்டிலில் சுவரைப் பார்த்துப் படுத்திருந்த அண்ணன் திரும்பாமலேயே கேட்டான்.

"ஊதனியா?"

"இது கேசட் இல்லண்ணா, பென் டிரைவ். இத ஊதக் கூடாது."

எழுந்து வந்தான். பென் டிரைவை இடது கையால் பிடுங்கி, இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடி வரை ஊதி, அதே கையால் செருகினான். கம்ப்யூட்டர் டிங் என்று கோப்பைக் காட்டியது. அவன் என்னைப் பார்த்த பார்வை இருக்கிறதே, அதை நான் இந்த ஜென்மத்தில் மறக்கப்போவதில்லை. அடுத்து படம் வருவதற்கு முன்னால் சத்தம் வந்தது. அந்த கேமின் ஆரம்ப இசை. அண்ணி அடுப்படியிலிருந்து, "இன்னா சத்தம் அது?" என்றாள். அண்ணன் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டான். விஞ்சில் கை மாட்டியதற்கப்புறம் அவன் சிரித்து நான் பார்த்தது அன்றைக்குத்தான்.

ஜாய்ஸ்டிக்கில் எந்தப் பட்டன் என்ன வேலை செய்ய வேண்டும் என்று எமுலேட்டர் ஒவ்வொன்றாகக் கேட்கும். பழைய மாதிரியே வைத்தேன். இடது கைப் பக்கம் அம்புக்குறி, நடப்பதற்கு. வலது கைப் பக்கம் ஏ, பி, குதிப்பதற்கும் சுடுவதற்கும். அண்ணனுடைய ஜாய்ஸ்டிக்கில் சிவப்பு டேப் ஒட்டினேன். ஆட்டம் ஆரம்பித்தது.

என் சிப்பாய் ஓடினான். அவனுடைய சிப்பாய் நடந்தான், அவ்வளவுதான். கட்டை விரல் பட்டன் மேல் இருந்தது, அழுத்தவில்லை. சுடாமல், குதிக்காமல், நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு போய் ஒவ்வொரு குண்டாக வாங்கினான். மூன்று லைஃபும் தீர்ந்தது. என்னிடம் இரண்டு இருந்தது.

"எடுத்துக்கண்ணா."

விரலை வைத்து அழுத்தினான். கழுத்து நரம்பு புடைத்தது. பட்டன் இறங்கவில்லை.

"எடது கையால அமுக்கு. நான் இன்னா சண்டையா போடப் போறேன்?"

"அதுக்குப் பேரு பிச்சை," என்றான். ஜாய்ஸ்டிக்கை மேஜை மேல் வைத்துவிட்டு எழுந்தான்.

அந்த கேமில் எடுக்கத்தான் முடியும். கொடுப்பதற்கு ஒரு பட்டன் வைக்க யாருக்கும் தோன்றவில்லை. இத்தனை வருடம் திருட்டு திருட்டு என்று கத்தியவள், அன்றைக்கு என்னிடம் இருந்த இரண்டையும் வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று தெரியாமல் உட்கார்ந்திருந்தேன்.

மனசு கேட்கவில்லை. மறுநாள் காலையில் எமுலேட்டரைத் திறந்து, குதிப்பதையும் சுடுவதையும் ஜாய்ஸ்டிக்கின் இடது கைப் பக்கத்துக்கே மாற்றினேன். புது ஜாய்ஸ்டிக்கில் விளிம்பிலும் பட்டன்கள் உண்டு, அதனால் ஒரு கையாலேயே எல்லாவற்றையும் சமாளிக்கலாம். அண்ணன் அதைக் கண்டுபிடித்ததும் வீடு திருவிழா ஆகிவிட்டது. எனக்கு ஆபீசில் வேலை குவிந்திருந்த வாரம் அது. நான் போனதும் கம்ப்யூட்டர் அவன் கைக்குப் போய்விடும். தனியாகவே ஆடி, சின்ன வயதில் நாங்கள் பார்க்காத இடங்களையெல்லாம் தாண்டினான். சாயங்காலம் நான் செருப்பைக் கழற்றுவதற்குள் கதை ஆரம்பித்துவிடும். "அருவி மேல ஏறினேன்டி! பாறாங்கல்லு உருண்டுகினு வருது, நான் வுடுவனா?" பக்கத்து வீட்டுக்காரர்கள் ஜன்னலில் நின்று பார்த்தார்கள். நான் பெரிய சாதனை செய்துவிட்ட மிதப்பில் இருந்தேன்.

அந்த வாரக் கடைசியில் டாக்டரம்மா கையைப் பிடித்துப் பார்த்துவிட்டு முகத்தைச் சுருக்கினார். போன முறைக்கு இந்த முறை கொஞ்சமும் அசைவு கூடவில்லை. இந்தக் கைக்கு நீங்கள் வேலையே கொடுக்கவில்லையா என்று கேட்டார். கூடப் போயிருந்த அண்ணி வீட்டுக்கு வந்ததும் நேராகக் கம்ப்யூட்டரிடம் வந்தாள்.

"எல்லாத்தையும் எடது கைப் பக்கமே வெச்சிக் குட்த்துட்டா, வலது கைக்கு இன்னா வேல? நீ நல்லது பண்ற நெனப்புல அவரு கைக்கு லீவு குட்த்துட்ட நாத்தனாரே."

சொன்னது என்னைச் சுட்டது, ஆனால் சரியாகச் சொன்னாள். அவள் முன்னாலேயே எமுலேட்டரைத் திறந்து, ஏ, பி இரண்டையும் வலது கைப் பக்கத்துக்கே திருப்பி வைத்தேன். அண்ணன் வந்து உட்கார்ந்து, இரண்டு தடவை செத்து, என்ன நடந்தது என்று புரிந்துகொண்டான்.

"மாத்து."

"மாத்த மாட்டேன்."

"இன்னாடி பேஜாரு பண்ற? மனுசனுக்கு இருக்கறது இது ஒண்ணு தான்."

"அப்ப போட்டு? அது இல்லையா உனக்கு?"

கேட்டிருக்கக் கூடாது. அவன் முகம் இறுகிவிட்டது. "தட தொறந்தா போட்டு போய்டும். நான் கரையில குந்திகினு டாட்டா காட்டுவேன். போதுமா?" என்று சொல்லிவிட்டு, வலது கையை லுங்கி மடிப்புக்குள் சொருகிக்கொண்டு துறைமுகத்துக்குப் போய்விட்டான். அதற்கப்புறம் என்னோடு பேச்சு நின்றது. காலையில் போவான், படகுகளைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பான், மதியம் சாப்பிட வருவான். நானும் வீம்புக்காரிதான். ஆனால் ஆபீசுக்குப் போகும்போது கம்ப்யூட்டரை மட்டும் அணைக்காமல் வைத்துவிட்டுப் போவேன். அண்ணி கருவாட்டுக் கூடையோடு கிளம்பிவிடுவாள். மதியத்தில் வீட்டில் அவனும் அந்தக் கம்ப்யூட்டரும் மட்டும்தான்.

தடை திறக்கும் நாள் நெருங்கிக்கொண்டிருந்தது. துறைமுகத்தில் ஐஸ் வண்டிகள் வர ஆரம்பித்துவிட்டன. டாக்டரம்மாவிடம் போக அண்ணன் மறுத்துவிட்டான். எனக்கு உள்ளுக்குள் பயம். கடலைத் தவிர அவனுக்கு வேறு எதுவும் தெரியாது, வேறு எதுவும் பிடிக்கவும் செய்யாது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, வீட்டில் யாரும் இல்லாத நேரத்தில், நானே ஆடிப் பார்க்கலாம் என்று கையில் அகப்பட்ட ஜாய்ஸ்டிக்கை எடுத்தேன். சிவப்பு டேப் ஒட்டியது. ஆட்டம் தொடங்கியதும் என் சிப்பாய் குதித்தான். நான் எதையும் தொடவில்லை. மறுபடியும் குதித்தான். இறங்கினதும் திரும்பவும் குதித்தான். கிறுக்குப் பிடித்தவன் போல நின்ற இடத்திலேயே குதித்துக்கொண்டிருந்தான்.

ஏ பட்டன் அழுந்தியபடியே ஒட்டிக்கொண்டிருந்தது. வாங்கி எத்தனை நாள் ஆகிறது, அதற்குள்ளா என்று எரிச்சலோடு விரலால் நெம்பினேன். விரலில் பிசுபிசுவென்று ஏதோ ஒட்டியது. முகர்ந்து பார்த்தேன். எங்கள் வீட்டில் பிறந்தவர்களுக்கு அந்த வாசனையை யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. படகு இன்ஜினுக்குப் போடுகிற கிரீஸ்.

கடல் பக்கத்து ஆட்கள் அப்படித்தான். எது இறுகினாலும் கிரீஸ். கதவுக் கீல், தையல் மிஷின், சைக்கிள் பெல், எதையும் விட்டதில்லை. யாரோ தீக்குச்சியில் கிரீஸைத் தொட்டு, பட்டனைச் சுற்றிப் பதமாகத் தடவியிருக்கிறார்கள். அது உள்ளே இறங்கி, தூசியோடு சேர்ந்து பசையாகிவிட்டது. ஸ்டார் ஸ்க்ரூ டிரைவரை எடுத்து, இந்த மனுசனை என்ன செய்வது என்று திட்டிக்கொண்டே ஜாய்ஸ்டிக்கைப் பிரித்தேன்.

பிரித்த பிறகுதான் திட்டுவதை நிறுத்தினேன். இடது கைப் பக்கம் சுத்தமாக இருந்தது, ஒரு பொட்டு கிரீஸ் இல்லை. கிரீஸ் இருந்தது வலது கைப் பக்கத்து ஏ, பி பட்டன்களில் மட்டும். பட்டன் இறுக்கமாக இருக்கிறது என்று ஒருவனுக்கு எப்போது தெரியும்? அதை அழுத்திக்கொண்டே இருந்தால்தானே தெரியும்!

நான் யாரிடமும் எதுவும் சொல்லவில்லை. ஸ்பிரிட் வைத்துத் துடைத்து, காய வைத்து, பழையபடி மூடினேன். அன்றைக்கு மதியச் சாப்பாடு முடிந்ததும், கட்டிலில் இருந்த அண்ணனுக்குக் கேட்கிற மாதிரி இரண்டு பேர் ஆட்டத்தைத் திறந்து வைத்தேன். இசை கேட்டது. கட்டில் கிறீச்சிட்டது. பக்கத்தில் வந்து உட்கார்ந்து சிவப்பு டேப்பை எடுத்துக்கொண்டான்.

அவனுடைய சிப்பாய் குதித்தான். கொஞ்சம் தாமதமாகத்தான் குதித்தான், ஆனால் குதித்தான். நான் திரும்பிப் பார்க்காமல் இருக்க என்ன பாடுபட்டேன் என்று எனக்குத்தான் தெரியும். சுட்டான். நாலு சுட வேண்டிய இடத்தில் ஒன்று சுட்டான். பிறகு பழைய புத்தி வந்துவிட்டது. என்னை விட்டுவிட்டு முன்னால் ஓடினான், ஓடிப்போய் செத்தான், எழுந்தான், மறுபடியும் செத்தான். மூன்றும் தீர்ந்தது. சிவப்பு பேண்ட் திரையில் இல்லை. நான் மட்டும் ஒரு பாறைக்குப் பின்னால் நின்றேன். என் கணக்கில் இரண்டு.

இந்த முறை நான் எடுத்துக்கோ என்று சொல்லவில்லை. பக்கத்தில் அவன் மூச்சு மட்டும் கேட்டது.

இரண்டு, ஒன்றானது. சிவப்பு பேண்ட் வானத்திலிருந்து குதித்தான்.

"திருடன்!" நான் நாற்காலி மேலேயே ஏறிவிட்டேன். "அண்ணி! ஓடி வா! என் லைஃபத் திருடிட்டான் அண்ணி! வலது கையால திருடிட்டான்!"

அண்ணி கருவாட்டுக் கையோடு ஓடி வந்தாள். அண்ணனுடைய கட்டை விரல் பட்டன் மேல் மடங்கி உட்கார்ந்திருந்தது. அவள் அதைத் தொட்டுப் பார்த்தாள், நீவிப் பார்த்தாள், பிறகு முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டாள். கம்ப்யூட்டரைச் சுற்றி ஒரே கருவாட்டு நாற்றம். மூன்று பேரும் சிரித்தோமா அழுதோமா என்று பிரித்துச் சொல்ல முடியாது.

"ஏன்யா, எங்கிட்டயாச்சும் சொல்லக் கூடாதா?" என்றாள் அண்ணி.

"மடங்காம போயிருந்தா?" என்றான் அண்ணன். பிறகு என் பக்கம் திரும்பி, குற்றவாளியைப் பிடித்த போலீஸ்காரன் போலக் கேட்டான். "இன்னாடி பண்ண பட்டன? நல்லா கிரீஸ் வெச்சிருந்தேன். கியர் ராடு மாரி டைட்டா இருந்துச்சினு."

"தொடச்சிட்டேன்."

"அதான பார்த்தேன், இன்னிக்கி ஈசியா கீது." சொல்லிக்கொண்டே திரையைப் பார்த்தான். "இன்னும் ஒண்ணு கீதே உங்கிட்ட."

சொல்லி முடிப்பதற்குள் மறுபடியும் செத்தான். அதையும் எடுத்துக்கொண்டான்.

தடை திறந்த அன்று படகுகள் எல்லாம் ஒன்றாகக் கிளம்பின. எங்கள் ஓனருடைய படகில் வீல் பிடித்தவன் அண்ணன்தான். கியர் ராடைப் பிடித்திருந்தது வலது கை, ஆட்காட்டி விரலும் மடங்கியபடி. அண்ணி கற்பூரம் ஏற்றினாள். நான் கரையில் நின்று டாட்டா காட்டினேன்.

வீட்டுக்கு வந்து, ஆபீஸ் வேலையை முடித்துவிட்டு, கேமைத் திறந்தேன். பழக்க தோஷத்தில் இரண்டு பேர் ஆட்டத்தையே அழுத்திவிட்டேன். சிவப்பு பேண்ட் சும்மா நின்று, சுடாமல், குதிக்காமல், மூன்று தடவை செத்துப்போனான். நான் ஆடிக்கொண்டே போனேன். பாலத்தைத் தாண்டினேன், அருவியில் ஏறினேன். என் லைஃப் மூன்றும் அப்படியே இருந்தன, எடுக்க ஆளில்லை. அதற்கு மேல் ஆடப் பிடிக்கவில்லை. ஆட்டத்தை அந்த இடத்திலேயே சேமித்துவைத்தேன். கரைக்கு வரட்டும், வந்து எடுத்துக்கொள்ளட்டும்.